பட்டாள மடத்தின் நாலாம் அறை

இயேசு மரி சூசை

பட்டாள மடம்,
கோப்பாய்.
ஒக்ரோபர் 14

அன்புள்ள அற்புதராணிக்கு,

நான் சுகம் என்று எழுதித்தான் தொடங்க வேண்டும். ஆனால் இன்றைக்குக் காலை ஆறு மணிக்குத் தியாகராசாவோடு வாய்த்தர்க்கம், எட்டு மணிக்கு றஜிதாவோடு, பத்து மணிக்குக் கூட்டத்தில் எல்லாரோடும். இதற்குப் பிறகும் சுகம் என்று எழுதினால் அது பொய். உயிரோடு இருக்கிறேன். நீரும் லவீனாவும் பேரப்பிள்ளைகளும் குளிருக்கு முதல் தடித்த சட்டைகளை எடுத்து வெயிலில் போட்டிருப்பீர்கள் என்று நம்புகிறேன், அங்கே வெயில் என்று ஒன்று இருந்தால்.

போனை விட்டுவிட்டு இந்த மனுசன் ஏன் கடிதம் எழுதுகிறான் என்று நீர் நினைப்பீர். போனில் லவீனா உம்முடைய முகத்தைக் காட்டுவாள். ‘சாப்பிட்டீங்களே’ என்று நீர் கேட்பீர். நான் பதில் சொல்லி முடிக்க முதல் மூத்தவன் பறித்துத் தன்னுடைய விழுந்த பல்லைக் காட்டுவான். அதற்குள் அடுப்பில் ஏதோ இருக்கிறது என்று நீர் எழும்பிப் போய்விடுவீர். உமக்கு எப்போதும் அடுப்பில் ஏதோ இருக்கிறது. மகளின் பிள்ளைப்பேற்றுக்கு மூன்று மாதம் என்று போனீர். வருகிற மாசியோடு மூன்று வருடம். சண்டைக்கு எழுதவில்லை. கலண்டரைப் பார்த்து எழுதினேன்.

இந்த வீட்டை நீர் ஒருமுறைகூடப் பார்க்கவில்லை. நான் கிணற்றடியில் விழுந்த பிறகு லவீனா அங்கே இருந்தபடியே எல்லாம் ஒழுங்கு செய்து, குருநகர் வீட்டைப் பூட்டுவித்து, என்னை ஓட்டோவில் ஏற்றி இங்கே இறக்குவித்தாள். நூறு வருடம் தாண்டிய கட்டடம். மலாயாவில் ரெயில்வேயில் இருந்து பென்சனோடு திரும்பிய ஒருவர், படையில் இருந்து வந்து ஒதுங்க இடமில்லாதவர்களுக்கென்று கட்டி எழுதிவைத்தது. சுண்ணாம்புச் சுவர் இரண்டு முழம் தடிப்பு. நாலு அறை, ஒரு விறாந்தை, ஒரு குசினி. சுற்றிவர வாழைத்தோட்டம். கேட்க நன்றாகத்தான் இருக்கும்.

கக்கூஸ் வளவின் அந்த மூலையில். என்னுடைய அறை வாசலில் இருந்து அறுபத்திரண்டு எட்டு. மழைக்காலத்தில் எண்பது, ஏனென்றால் வெள்ளத்தைச் சுற்றிப் போக வேண்டும். அறைகளோடு ஒன்று கட்டித் தாருங்கள் என்று கேட்டோம். இது புராதனக் கட்டடம், சுவரில் ஒரு ஆணிகூட அடிக்கக் கூடாது என்று பதில் வந்தது. சுவருக்கு இருக்கிற மரியாதை உள்ளே கிடக்கிற எண்பத்திரண்டு வயது மூத்திரப்பைக்கு இல்லை.

இதைவிட ஆத்திரம், பள்ளிக்கூடப் பிள்ளைகள் பார்க்க வரும்போது. எங்களையும் கட்டடத்தோடு சேர்த்துப் படம் எடுப்பார்கள். போன கிழமை ஒருத்தி வந்து, “தாத்தா, நீங்கள் உலக யுத்தத்திலை ஆரோடை சண்டை பிடிச்சனீங்கள்?” என்று கேட்டாள். “அந்த யுத்தம் முடியேக்கை எனக்கு ரெண்டு வயது பிள்ளை, பால்போத்தலோடை சண்டை பிடிச்சனான்” என்றேன். அதையும் கொப்பியில் எழுதிக்கொண்டு போனாள். சிலோன் ஆமியில் இருபத்தொரு வருடம் தந்திக் கம்பி இழுத்தவன் நான். ஒருத்தரையும் சுடவில்லை. எண்பத்துமூன்றாம் ஆண்டு சப்பாத்தைக் கழற்றி வைத்துவிட்டு ஊருக்கு வந்தேன். இதைச் சொன்னால் ஒருவரும் எழுதிக்கொள்வதில்லை.

அடுத்த அறைத் தியாகராசா ஆமியில் சமையல்காரராக இருந்தவர். ஆயிரம் பேருக்கு மாட்டிறைச்சி கிண்டிய மனுசன் இப்போது செவ்வாய், வெள்ளியில் மீன் மணம் வந்தால் மூக்கைப் பொத்திக்கொண்டு வாழைத்தோட்டத்துக்குள் போய் நிற்கிறார். விடிய ஐந்து மணிக்கு மணி அடிக்கிறார். விதியில் ஆறு மணி என்று இருக்கிறது. கேட்டால், “விழிச்சுப் போட்டன், பிறகு ஏன் மணி சும்மா இருக்க வேணும்?” என்கிறார். நீர்வேலியில் மகனுடைய வீடு இருக்கிறது. அங்கே ஏன் இருக்கவில்லை என்று அவரை ஒருவரும் கேட்பதில்லை. என்னையும் ஒருவரும் கேட்பதில்லை. இந்த வீட்டில் உள்ள ஒரே நல்ல பழக்கம் அது.

மற்றவர் கிறிஸ்ரோபர். கடற்படைக் கப்பலில் இயந்திர அறையில் இருந்து இரண்டு காதையும் கொடுத்தவர். அவருடைய வானொலி கோப்பாய்ச் சந்தி வரைக்கும் கேட்கும், அவருக்கு மட்டும் கேளாது. நாலாம் அறையில் இருந்த சாவகச்சேரிக்காரர், ஆமியில் கோப்பிறலாக இருந்தவர், ஆவணியில் மோசம் போய் அடக்கமும் செய்தாயிற்று. அந்த அறை வெறுமையாகக் கிடக்கிறது. இன்றைய சண்டை அதைப் பற்றித்தான்.

றஜிதாவைப் பற்றி உமக்கு முந்திச் சொன்னேனோ தெரியாது. மூன்று வருடமாக இந்த மடத்தில் சமைக்கிறவள், எங்களுக்கு மருந்து தருகிறவள். நாற்பத்தேழு வயது. சண்டிலிப்பாயில் வாடகை அறையில் இருந்து இரண்டு பஸ் மாறி வருகிறாள். அந்தக் காலத்தில் இயக்கத்தில் இருந்து வலது காலை முழங்காலுக்குக் கீழே இழந்தவள். பொய்க்கால் போட்டு நடக்கிறாள். எங்கள் மூன்று பேரையும் அவள் நடத்துகிற விதத்தைப் பார்த்தால் அவள்தான் பென்சன் எடுத்த மேஜர் என்று நினைப்பீர். உப்புப் போத்தலை ஒளிக்கிறாள். கிணற்றில் அள்ளிக் குளிக்க விடாமல் பிளாஸ்ரிக் கதிரையில் இருந்து குளி என்கிறாள். மீன் குழம்பில் புளி கூட என்றால், “கூட எண்டால் ஏன் ரெண்டாந்தரம் சோறு கேட்டனீங்கள்?” என்கிறாள்.

அவள் இருக்கிற அறையை வருடக் கடைசியில் விடச் சொல்லிவிட்டார்களாம். தியாகராசா இன்று மடத்துக் கூட்டத்தில் எழும்பி, நாலாம் அறையை அவளுக்குக் கொடுக்கலாமே என்றார். செயலாளர் ஜெயசுதனுக்கு, அவர் முந்தி வங்கியில் முகாமையாளராக இருந்தவர், நெற்றி வியர்த்துவிட்டது. இது இளைப்பாறிய படைவீரருக்கான மடம் என்றார். “அவளும் சண்டைக்குப் போய்க் காலைக் குடுத்திட்டு வந்தவள்தானே” என்று தியாகராசா சொன்னார். “ஐயோ அண்ணை, உதைப் பெரிசாய்க் கதையாதேங்கோ. பிறகு விசாரிக்க ஆக்கள் வருவினம்” என்று ஜெயசுதன் கையைப் பிசைந்தார். கிறிஸ்ரோபர் என்ன விஷயம் என்று தெரியாமலே ஓம் என்று கையை உயர்த்தினார்.

பிறகு எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். நான் வேண்டாம் என்றேன். “இஞ்சை உள்ள படி இயக்கத்து ஆக்கள் ஏறுறதுக்கு இல்லை” என்றேன். அதோடு விஷயம் முடிந்தது.

றஜிதா அப்போது தேத்தண்ணித் தட்டோடு வாசலில் நின்றாள். கேட்டுக்கொண்டுதான் நின்றாள். எல்லாருக்கும் கொடுத்தாள், எனக்கும் கொடுத்தாள். மத்தியானம் எனக்குப் பிடித்த பாரை மீன் தலையை எனக்கே போட்டாள். ஏசியிருந்தால் நானும் ஏசியிருப்பேன். இப்படி ஒன்றும் நடக்காததுபோல நடந்தால் ஒரு மனுசன் என்ன செய்கிறது?

நான் சொன்னது சரி. ஏன் சொன்னேன் என்று உமக்குத் தெரியும், வேறு ஒருவருக்கும் தெரியத் தேவையில்லை.

லவீனாவிடம் முழங்காலுக்குப் பூசுகிற அந்த மருந்தில் இரண்டு அனுப்பச் சொல்லும். கடவுள் உங்கள் எல்லாரையும் காப்பாற்றட்டும்.

உமது கணவன்,
அடைக்கலநாதன்


இயேசு மரி சூசை

பட்டாள மடம்,
கோப்பாய்.
நவம்பர் 13

அன்புள்ள அற்புதராணிக்கு,

உம்மிடம் இருந்து பதில் இல்லை. அங்கே தபால் பிந்தும் என்று லவீனா சொல்கிறாள். பிந்தட்டும். பயப்படாமல் வாசியும்: விழுந்தேன், எலும்பு ஒன்றும் முறியவில்லை.

கந்தசஷ்டியின் கடைசி நாள். தியாகராசா கோயிலுக்குப் போயிருந்தார். மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு மழை விட்டிருந்தது. கக்கூசுக்குப் போகிற அறுபத்திரண்டு எட்டில் நாற்பதாவதில் வழுக்கி, இடுப்பு அடிபட, மல்லாந்து போனேன். எழும்ப முடியவில்லை. கூப்பிட்டேன். கிறிஸ்ரோபர் பத்து யார் தூரத்தில் வானொலிக்கு முன்னால் தலையை ஆட்டிக்கொண்டு இருந்தார். பிறகு மழை திரும்பவும் தொடங்கி, என் வாய்க்குள் விழுந்தது.

மழை நாளில் றஜிதாவுக்குத் துண்டுக்கால் வீங்கும். சாப்பாடு முடிந்ததும் குசினிக்குள் சாக்கு விரித்து உட்கார்ந்து பொய்க்காலைக் கழற்றி வைத்துவிடுவாள். இது எனக்கு அன்றைக்குத்தான் தெரியும். என் சத்தம் கேட்டதும் அதைப் பூட்ட நேரம் எடுக்காமல் வந்தாள். குசினி வாசலில் இருந்து ஒற்றைக்காலில் மூன்று தரம் துள்ளினாள். சேற்றில் விழுந்தாள். பிறகு எழும்பவில்லை, ஊர்ந்தாள். முழங்கையை முன்னுக்குக் குத்தி, தலையைப் பதித்து, இடுப்பை உயர்த்தாமல். அற்புதம், தியத்தலாவையில் எங்களுக்கு ஆறு மாதம் அடித்துப் பழக்கிய ஊர்வு அது. பழக்கினவன் வேறு, பழகினவள் வேறு. ஊர்வு ஒன்றுதான்.

வந்து என் கழுத்தைத் தொட்டுப் பார்த்தாள். “கால் விரலை அசையுங்கோ. மற்றக் கால். இண்டைக்கு என்ன கிழமை? என்ரை பேர் என்ன?” என்று அதட்டினாள். நான் கிழமையைச் சரியாகச் சொன்னேனாம். பேரைப் பிழையாகச் சொன்னேனாம். பிறகு என் அக்குளுக்குள் கையைக் கொடுத்து, இருந்தபடியே பின்னுக்குப் பின்னுக்கு நகர்ந்து, குசினிப் படி வரை இழுத்துக்கொண்டு போனாள். அவளுடைய துண்டுக்கால் கல்லில் உரசி இரத்தம் வந்தது. “நாலு தரம் சொன்னனான், மழைக்கை தனியப் போகாதேங்கோ எண்டு. உங்களுக்கு ஆமியிலை காது எண்ட சாமானைத் தரேல்லையோ?” என்று ஏசிக்கொண்டே என் தலையில் இருந்த சேற்றைக் கழுவினாள்.

கழுவி முடிந்த பிறகு, “ஜெறோம் ஆர் ஐயா?” என்று கேட்டாள்.

ஒருத்தருமில்லை என்றேன்.

அவள் திரும்பிக் கேட்கவில்லை. நான்தான் அன்று முழுக்க அந்தப் பதிலோடு கிடந்தேன்.

அடுத்த நாள் தியாகராசாவிடம், அறை விஷயத்தில் நான் மனதை மாற்றிவிட்டேன் என்று சொன்னேன். ஏன் என்று கேட்காமல் மணியை அடிக்கப் போய்விட்டார். இரண்டு பேருமாக ஜெயசுதனிடம் போனோம். அவர், முடிவு எடுத்தாகிவிட்டது, இனிப் புதுவருடத்துக்குப் பிறகுதான் கூட்டம், பதினோராம் தேதி நினைவுநாளுக்குக் கொழும்பில் இருந்து ஓய்வுபெற்ற பெரிய அதிகாரி ஒருவர் வருகிறார், அதுவரைக்கும் தயவுசெய்து வாயைத் திறக்க வேண்டாம் என்றார். வாயைத் திறக்காமல் என்ன செய்யலாம் என்று நாங்கள் அப்போதுதான் யோசிக்கத் தொடங்கினோம்.

யுத்தத்தில் செத்த படைவீரருக்கான இந்த நினைவுநாள் இங்கே வருடாவருடம் நடக்கிறது. வளவில் உள்ள கல்லுக்குப் பூவளையம் வைப்பார்கள். நாங்கள் லோங்ஸ் போட்டு, பதக்கம் குத்தி, வரிசையில் நிற்க வேண்டும். நாங்கள் நிற்காவிட்டால் அது வெறும் கல். ஆகவே நிற்பதில்லை என்று முடிவெடுத்தோம். இவ்வளவு சின்ன முடிவை எடுக்க மூன்று கிழவருக்கு நாலு நாள் பிடித்தது. கிறிஸ்ரோபருக்குக் கலண்டர் தாளின் பின்பக்கத்தில் பெரிய எழுத்தில் எழுதிக் காட்டினேன். வாசித்துவிட்டு, “அப்ப சப்பாத்துக்கு மை பூசத் தேவையில்லையோ?” என்று ஊருக்கே கேட்கக் கத்தினார். தியாகராசாவோ எதற்கும் இருக்கட்டும் என்று தன்னுடைய பதக்கத்தைச் சாம்பல் போட்டு மினுக்கினார்.

பதினோராம் தேதி எட்டரைக்குப் பந்தல், கதிரை, பள்ளிக்கூட வாத்தியக் கோஷ்டி எல்லாம் தயார். நாங்கள் மூன்று பேரும் சாரத்தோடு விறாந்தை வாங்குப் பலகையில் இருந்தோம். ஜெயசுதன் ஓடி வந்தார்.

“என்னண்ணை இது கோலம்? அவர் வந்திட்டார்!”

“வரட்டும். அறையைக் குடுத்தால் எழும்புவம்” என்றேன்.

“முந்தி வேண்டாம் எண்டு சொன்னவரே நீங்கள்தானே!”

“ஓம். அப்ப நான் பிழை. இப்ப நீர் பிழை.”

அதிகாரி படியடிக்கு வந்துவிட்டார். மெலிந்த மனுசன், என்னைவிடப் பத்து வயது குறைவு. பத்து மணிக்கு வேறொரு இடத்தில் அவருக்கு நிகழ்ச்சி. கைக்கடிகாரத்தைப் பார்த்தபடி, என்ன பிரச்சினை என்று சிங்களத்தில் என்னைக் கேட்டார். நாற்பது வருடம் துருப்பிடித்த சிங்களத்தில் சொன்னேன்: “சேர், எங்களைப் பார்க்கிற பிள்ளைக்கு இருக்க இடமில்லை. ஒரு அறை சும்மா கிடக்கிறது. அவளும் ஒரு காலத்தில் படையில் இருந்தவள். மற்றப் பக்கத்தில்.” அவர் ஒரு கணம் என்னைப் பார்த்தார். அந்தப் பார்வை கோபமா, வேறு எதுவுமா என்று இன்னும் எனக்கு விளங்கவில்லை. பிறகு திரும்பவும் கடிகாரத்தைப் பார்த்து, ஜெயசுதனிடம் இங்கிலீசில், ஒரு அறைதானே, கொடுத்துவிடுங்களேன் என்றார்.

நிகழ்ச்சித் தாளின் பின்பக்கத்தில் எழுதிக் கையெழுத்து வாங்கிய பிறகுதான் உள்ளே போய் உடுப்பு மாற்றினோம். தியாகராசாவின் லோங்ஸ் பொத்தான் பூட்டுப்படாமல் இருபது நிமிடம் போயிற்று. வெளியே அந்தப் பெரிய மனுசன் வெயிலில் நின்றார். பிறகு இரண்டு நிமிட மௌனம். வாத்தியம் ஊதி முடிந்ததும் எல்லாரும் அசைந்தார்கள். கிறிஸ்ரோபருக்குக் கேளாததால் அவர் மட்டும் ஐந்து நிமிடம் சிலைபோல நின்றார். சனம் அவரைத்தான் கூடப் படம் எடுத்தது.

வெற்றிதானே என்று தாளைக் கொண்டுபோய் றஜிதாவிடம் கொடுத்தேன். ஈரக் கையைச் சட்டையில் துடைத்துவிட்டு வாசித்தாள்.

“ஆரைக் கேட்டு இதைச் செய்தனீங்கள்?”

உனக்காகத்தான் என்றேன்.

“அத்தனை சனத்துக்கு முன்னாலை என்னைப் பற்றி என்ன சொன்னனீங்கள்?”

உண்மையைத்தான் சொன்னேன் என்றேன்.

“பதினைஞ்சு வருசமாய் நான் ஒருத்தற்றை கண்ணிலையும் படாமல் இருக்கப் பழகினனான் ஐயா. நீங்கள் ஒரு காலைமைக்குள்ளை அழிச்சுப் போட்டியள்.”

அடுப்பை அணைத்துவிட்டு, பையை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். நேற்றும் வரவில்லை, இன்றும் வரவில்லை. தியாகராசா சமைக்கிறேன் என்று இறங்கினார். அவருக்கு ஆயிரம் பேருக்குத்தான் அளவு தெரியும், மூன்று பேருக்குத் தெரியாது. இரண்டு நாளாக அதே சாம்பார். எனக்குத் தலை விறைக்கிறது. நல்லது செய்யப் போனேனா, கெட்டது செய்தேனா என்று சொல்ல நீர் இங்கே இல்லை. எனக்கு நேரே சொல்லக்கூடிய ஆள் நீர் ஒருத்திதான், நீரும் சொல்வதில்லை.

பிள்ளைகளுக்கு என் முத்தம். மாதா உங்களோடு இருக்கட்டும்.

உமது கணவன்,
அடைக்கலநாதன்


இயேசு மரி சூசை

பட்டாள மடம்,
கோப்பாய்.
நவம்பர் 30

அன்புள்ள அற்புதராணிக்கு,

றஜிதா எட்டு நாள் வரவில்லை. ஒன்பதாம் நாள் தியாகராசாவும் நானும் ஓட்டோ பிடித்துச் சண்டிலிப்பாய்க்குப் போனோம். போகும் வழியெல்லாம் அவர் குறுக்குப் பாதை சொல்லிச் சொல்லி, புகையிலைத் தோட்டம் ஒன்றுக்குள் கொண்டுபோய் நிறுத்தினார். ஓட்டோக்காரர் இறங்கி நின்று சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

அவள் சாமான் கட்டிக்கொண்டு இருந்தாள். ஒரு சூட்கேஸ், ஒரு காஸ் அடுப்பு, மாற்றுப் பொய்க்கால் ஒன்று துணியில் சுற்றியபடி. எங்களைப் பார்த்ததும் ஏசவில்லை. இரண்டு கதிரை எடுத்துப் போட்டாள். நினைவுநாளுக்கு அடுத்த நாள் சிவில் உடுப்பில் இரண்டு பேர் வந்தார்களாம். பெயர், போன் நம்பர், எங்கே வேலை, யார் யார் வந்து போகிறார்கள் என்று கேட்டு எழுதினார்களாம். “மரியாதையாய்த்தான் கதைச்சவை. தேத்தண்ணியும் குடிச்சவை. ஆனால் அவை போன பிறகு வீட்டுக்கார அம்மா என்னோடை கதைக்கிறேல்லை. மாதக் கடைசிக்குள்ளை போகட்டாம்” என்றாள்.

அற்புதம், நான் கதிரையில் இருந்து எழும்பி நின்று மன்னிப்புக் கேட்டேன். ஒரு பெம்பிளைப் பிள்ளையிடம், அதுவும் என் மகளின் வயதில் உள்ளவளிடம், வாழ்க்கையில் முதல் தரம். நின்றபடி கேட்டதால் தலை சுற்றியது. “இருங்கோ, இருங்கோ, விழுந்து போவியள். பிறகு அதுக்கும் நான்தான் இழுக்க வேணும்” என்றாள்.

பிறகு சொன்னாள்: “கோவத்துக்காகத் தெருவிலை நிக்க ஏலாது. வாறன். ஆனால் மடத்துப் பதிவுப் புத்தகத்திலை எங்கையும் என்ரை பேரோடை படை, வீரர் எண்டு ஒண்டும் எழுதக்கூடாது. நான் சமைக்கிற ஆள். சமைக்கிற ஆளுக்கு அறை வேணும். அவ்வளவுதான்.” அப்படியே செய்வோம் என்று தியாகராசா தலையில் கை வைத்துச் சத்தியம் பண்ணினார்.

அதோடு எழும்பியிருக்கலாம். நான் எழும்பவில்லை. அன்று அவள் கேட்டதற்குப் பதில் சொன்னேன். எனக்கு ஒரு மகன் இருந்தான் என்றேன். பெயர் ஜெறோம். பதினேழு வயதில் படிப்பைப் பாதியில் விட்டு இயக்கத்துக்குப் போனான். இரண்டு வருடம் கழித்து, தொண்ணூற்றுநாலாம் ஆண்டு, ஒரு பின்னேரம் அந்த உடுப்போடு படலையைத் திறந்து வந்தான். உந்த உடுப்போடை என்ரை படி ஏறாதை என்றேன். அவன் ஏறவில்லை. திரும்பிப் போனான். அடுத்த வருடம் அவன் இல்லை என்ற செய்தி மட்டும் வந்தது, ஆள் வரவில்லை.

“அப்ப படி ஏறாதை எண்டு சொல்லுறது உங்களுக்குப் பழக்கம்தான்” என்றாள் அவள்.

தியாகராசா சுவரைப் பார்த்துக்கொண்டு இருந்தார்.

நீ அவனை எங்கையாவது கண்டனியோ என்று கேட்டேன். அவனுக்கு இயக்கத்தில் வைத்த பெயர், உயரம், எந்தப் பக்கம் நின்றான், எல்லாம் விசாரித்தாள். கண்ணை மூடி யோசித்தாள். “இல்லை ஐயா. எனக்கு ஆளைத் தெரியாது” என்றாள். ஒருக்காலாவது கண்டிருப்பாய், நல்லாய் யோசி என்று நான் விடவில்லை. அப்போது சொன்னாள்: “கண்டனான் எண்டு சொன்னால் நீங்கள் இண்டைக்கு நிம்மதியாய் நித்திரை கொள்ளுவியள். நாளைக்கு, அவன் என்ன சொன்னவன் எண்டு கேப்பியள். அதுக்கும் நான் ஒரு பொய் தேட வேணும். எனக்கு ஏலாது.”

எனக்கு வந்த கோபத்தை உமக்கு எழுத முடியாது. ஒரு சின்னப் பொய். கிழவனுக்கு ஒரு பொய் சொன்னால் என்ன குறைந்துவிடும்? ஓட்டோவில் திரும்பி வரும்போது முழுக்க அவளைத் திட்டிக்கொண்டு வந்தேன். கோப்பாய் வரும்போதுதான் விளங்கியது: முப்பத்தொரு வருடத்தில் அவனைப் பற்றி நான் கேட்ட முதல் கேள்வி அது. அதையும் ஆள் தெரியாத ஒருத்தியிடம் போய்க் கேட்டிருக்கிறேன்.

றஜிதா வெள்ளிக்கிழமை வந்துவிட்டாள். நாலாம் அறையின் யன்னலைத் திறந்து, கோப்பிறலின் சுருட்டு மணம் போக மூன்று தரம் கழுவினாள். வந்த அன்றே உப்புப் போத்தல் காணாமல் போயிற்று. கக்கூசுக்குப் போகிற பாதையில் இந்தப் பக்கம் ஒரு கம்பி, அந்தப் பக்கம் ஒரு கம்பி நட்டுக் கயிறு கட்டியிருக்கிறாள். சுவரில் ஆணி அடிக்கவில்லை, நிலத்தில்தானே நட்டேன் என்கிறாள். ஜெயசுதன் பார்த்தும் பார்க்காததுபோலப் போகிறார். தியாகராசாவின் மணிக்கும் கயிறு போட்டு மேலே கட்டிவிட்டாள், ஆறு மணிக்குத்தான் அவிழ்ப்பாளாம். அவருக்கும் அவளுக்கும் இன்று காலை அதில் பெரிய சண்டை. எனக்கு நடுவர் வேலை. ஒரு நாளாவது ஆறுதலாக ஒரு தேத்தண்ணி குடிக்க இந்த வீட்டில் விடுகிறார்கள் இல்லை.

நேற்று குருநகரில் எங்கள் கோவிலுக்குப் போனேன். கிறிஸ்ரோபரைத் துணைக்குக் கூட்டிக்கொண்டு பஸ்ஸில். இறந்தவர்களின் மாதமான நவம்பர் முடிய முதல் பூசைக்கு எழுதிக் கொடுக்க வேண்டும் என்று. வருடாவருடம் நீர்தான் எழுதிக் கொடுப்பீர். ‘எங்கள் குடும்பத்தில் இறந்தவர்களுக்காக’ என்றுதான் எழுதுவீர். அவனுடைய பெயரை எழுதினால் நான் கோவில் வாசல் மிதியேன் என்று சொன்னவன் நான். நேற்று நான் பெயரை எழுதினேன். எழுத்து நெளிந்து போனதால் குருவானவர் இரண்டாந்தரம் கேட்டு உறுதிப்படுத்திவிட்டு, பூசையில் உரக்க வாசித்தார். முன் வாங்கில் இருந்த எங்கள் அயல்வீட்டு லூர்த்தம்மா திரும்பிப் பார்த்தாள். பூசை முடிந்து வெளியே வந்ததும், “அற்புதம் சொல்லியே எழுதினனீங்கள்?” என்று கேட்டாள். இல்லை, நானாகத்தான் என்றேன். அவள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு போய்விட்டாள்.

இப்போது நான் கேட்க வந்ததைக் கேட்கிறேன். இந்தக் கடிதத்தை லவீனாவுக்கு முன்னால் வாசிக்க வேண்டாம்.

அன்றைக்கு அவன் திரும்பிப் போனபோது நீர் குசினி வாசலால் இறங்கி, வேலிப் பக்கமாக ஒழுங்கைக்கு ஓடினீர். உம்முடைய கையில் இடியப்ப மா ஒட்டியிருந்தது. நான் யன்னலால் பார்த்துக்கொண்டுதான் நின்றேன். ஒழுங்கை முடக்கில் அவன் நின்றான். இரண்டு பேரும் கதைத்தீர்கள். அவன் குனிந்தான், நீர் அவனுடைய தலையைத் தொட்டீர். பிறகு நீர் வந்து ஒன்றும் சொல்லாமல் இடியப்பம் பிழிந்தீர். நானும் கேட்கவில்லை. அடுத்த நாளும் கேட்கவில்லை. செய்தி வந்த நாளிலும் கேட்கவில்லை. நீரும் அதை உம்மோடு வைத்துக்கொண்டு அவ்வளவு தூரம் போய்விட்டீர்.

அவன் உமக்கு என்ன சொன்னான் என்று எழுதும். என்னைப் பற்றிச் சொன்னதையும் எழுதும். ஏசியிருந்தால் ஏசின சொல்லை அப்படியே எழுதும். ஒன்றும் சொல்லவில்லை என்றால், ஒன்றும் சொல்லவில்லை என்று எழுதும். எனக்காக எதையும் கூட்டவும் வேண்டாம், குறைக்கவும் வேண்டாம். நீர் வருவதும் வராமல் விடுவதும் உம்முடைய விருப்பம். அதை நான் கேட்கவில்லை. கேட்க எனக்கு வாயும் இல்லை. இதை மட்டும், அற்புதம், எனக்குக் கண் தெரிகிற காலத்துக்குள் உம்முடைய கையெழுத்தில் எழுதி அனுப்பும்.

கடவுள் உம்மைப் பத்திரமாக வைத்திருக்கட்டும். அவனையும்.

ஜெறோமின் தகப்பன்,
அடைக்கலநாதன்